பேட்ஜுக்குப் பொட்டு வைத்தவர்கள்

எங்கள் தொழிற்சாலையின் பாதுகாப்பு வார மலருக்கு ஏதாவது எழுதித் தரும்படி இளைஞர்கள் இருவர் வீடு தேடி வந்தார்கள். "உங்க சர்வீஸ்ல நீங்க செஞ்ச வீரச் செயல் ஒண்ணு எழுதுங்க சார்" என்றார்கள். யோசித்துப் பார்த்தேன். வீரம் என்று சொல்லும்படி நான் செய்தது, எங்கள் கேன்டீன் ரவா உப்புமாவை ஓய்வு பெறும் நாள் வரைக்கும் சாப்பிட்டதுதான். அதை எழுதினால் அரைப் பக்கம்கூடத் தேறாது. அதனால் போன மாதம் என் தங்கை வீட்டில் நடந்ததை எழுதுகிறேன். அதற்குள் என் வேலைக்காலமும் வந்துவிடும். வீரம் வராது, இப்போதே சொல்லிவிட்டேன்.

தங்கை ஸ்டெல்லா ஆரம்பாக்கத்தில் எனக்கு இரண்டு தெரு தள்ளி இருக்கிறாள். அவள் கணவர் அந்தோணிக்குக் கும்மிடிப்பூண்டியில் ஒரு கம்பி மில்லில், உலைப் பக்கம் வேலை. ஒரே மகள் ஜெசிந்தா, மெக்கானிக்கல் இன்ஜினீயரிங் கடைசி வருஷம். ஞாயிற்றுக்கிழமை சர்ச்சில் பூசை முடிந்து வந்து சட்டையைக் கழற்றுகிறேன், ஸ்டெல்லாவின் போன்.

"அண்ணே, மத்தியானம் சாப்ட வந்துரு. வஞ்சிரம்."

"இன்னா விசேசம்?"

"விசேசம் ஒண்ணுமில்ல. ஜெசி ஒரே பேஜாரு பண்ணிக்கினு கீறா. அணுவப் பத்தி மேல்படிப்பு படிக்கப் போறாளாம். இன்டர்வியூக்கு வரச் சொல்லிட்டாங்க, நாளைக்குக் காலையில ரயிலு. அவுரு அனுப்ப மாட்டேன்னு ஒரேயடியா நிக்கறாரு. இவ போயே தீருவேன்னு நிக்கறா. நீதான் அந்த ரேடியேசன்லயே கெடந்தவன். நாலு வார்த்த சொல்லி பயமுறுத்தி வுடு."

"பயமுறுத்தறதுக்கு வஞ்சிரமா?"

"அவ நல்லா பயந்துட்டான்னா எறாவும் உண்டு."

சம்மதித்துவிட்டேன். இறால் என்று வந்துவிட்டால் எனக்குக் கொள்கை கிடையாது.

என் வேலை தெரியாதவர்களுக்குக் கொஞ்சம் சொல்ல வேண்டும். நான் ஐ.டி.ஐ. முடித்து வெல்டராகத்தான் சேர்ந்தேன். என் வெல்டிங்கைப் பார்த்த மேலதிகாரிகள், இவன் வெல்டிங் வைப்பதைவிட அடுத்தவன் வெல்டிங்கில் குற்றம் கண்டுபிடித்தால் தொழிற்சாலைக்கு நல்லது என்று முடிவெடுத்து, ரேடியோகிராபி பயிற்சிக்கு அனுப்பிவிட்டார்கள். பயிற்சியில் நிறையச் சொல்லிக் கொடுத்தார்கள். தேர்வில் தேறினேன். எப்படி என்று என்னைக் கேட்காதீர்கள், எனக்கும் தெரியாது.

பாய்லர்களுக்கும் ரசாயன ஆலைகளுக்கும் வேண்டிய பெரிய பெரிய இரும்பு உருளைகள் எங்களிடம் தயாராகும். வெளியே அழகாக இருக்கும் வெல்டிங்குக்குள் ஓட்டையோ விரிசலோ இருந்தால் கண்ணுக்குத் தெரியாது. உடைந்த எலும்புக்கு எக்ஸ்ரே எடுப்பதுபோல அதற்கும் படம் எடுக்க வேண்டும். எக்ஸ்ரே மெஷினுக்குப் பதிலாக எங்களிடம் ஒரு கதிர்வீச்சுக் குளிகை இருந்தது. பேனா மூடியைவிடச் சின்னது. அது எந்நேரமும் கனத்த கவசம் போட்ட ஒரு பெட்டிக்குள் கிடக்கும். அந்தப் பெட்டிக்குத்தான் கேமரா என்று பெயர். தூக்கிக்கொண்டு ஏணி ஏறினால் ஒரு பக்கத் தோள் இறங்கிவிடும். என் இடது தோள் இன்றைக்கும் கீழேதான் நிற்கிறது.

ஊரில் "சூசை கேமராவுல வேல செய்யறான்" என்று பரவிவிட்டது. மஞ்சள் நீராட்டுக்கு, காதுகுத்துக்கு எல்லாம் கூப்பிடுவார்கள். "என் கேமராவுல எடுத்தா எலும்பு மட்டுந்தான் விழும்" என்பேன். "பரவால்ல, கலர்ல விழுமா?" என்று கேட்டவர்கள் உண்டு.

எங்கள் பாதுகாப்பு அதிகாரி சுப்பாராவ் சார், சூலூர்பேட்டைப் பக்கத்துக்காரர். மெலிந்த உடம்பு, இஸ்திரி போட்ட வெள்ளைச் சட்டை. எல்லோரையும் "நைனா" என்பார். அவர் ஓடி நான் பார்த்ததில்லை. தீயணைப்பு ஒத்திகையில்கூட நடந்தே வந்தார். திட்டவும் மாட்டார். திட்டியிருந்தால் எங்களுக்குச் சௌகரியமாக இருந்திருக்கும், திட்டு வாங்கிக்கொண்டு வேலையைப் பார்த்திருப்போம். அவர் செய்தது வேறு.

படம் எடுக்கும் முறை இதுதான். வேலை நடக்கும் இடத்தைச் சுற்றித் தூரத்தில் கயிறு கட்டுவோம். சிவப்பு விளக்கு போடுவோம். யாரும் உள்ளே இல்லை என்று பார்த்துவிட்டு, தள்ளி நின்று கைப்பிடியைச் சுற்றுவோம். கேமராவிலிருந்து குளிகை ஒரு குழாய் வழியாகப் போய் வெல்டிங்குக்குப் பக்கத்தில் நிற்கும். மறுபக்கம் பிலிம். நேரம் முடிந்ததும் திருப்பிச் சுற்றினால் குளிகை கேமராவுக்குள் வந்துவிடும். வந்துவிட்டது என்று கை சொல்லும், மனசு சொல்லும். சுப்பாராவ் சாருக்கு இரண்டு பேர் பேச்சிலும் நம்பிக்கை இல்லை. மீட்டர் சொல்ல வேண்டும். கதிர்வீச்சைக் காட்டும் மீட்டரை முன்னால் நீட்டி, முள்ளைப் பார்த்துக்கொண்டே அடி எடுத்து வைத்துக் கேமரா வரைக்கும் போய், சுற்றிலும் காட்டிவிட்டுத்தான் பூட்ட வேண்டும்.

ஒரு நாள் டீ வந்துவிட்டது. நான் குளிகையைச் சுற்றி உள்ளே இழுத்துவிட்டு, மீட்டரை மறந்து விறுவிறுவென்று போய்விட்டேன். குளிகை ஒழுங்காக உள்ளேதான் இருந்தது. சார் என்னைக் கையசைத்துக் கூப்பிட்டார்.

"கயித்துக்கு வெளிய போ நைனா. இப்ப மீட்டர எடுத்துக்கினு வா."

வந்தேன்.

"இன்னொரு வாட்டி."

மறுபடி வந்தேன். மறுபடியும் போகச் சொன்னார். அவர் ஒரு ஸ்டூலில் உட்கார்ந்து, தன் டீயைச் சூடாகக் குடித்துக்கொண்டு, நான் நடப்பதைக் கல்யாண ஊர்வலம் பார்ப்பதுபோலப் பார்த்தார்.

"என் டீ ஆறிப்போச்சு சார்."

"டீ ஆறினா வேற டீ வரும் நைனா" என்றார். அவ்வளவுதான் சொன்னார். அதற்குப் பிறகு மீட்டர் இல்லாமல் நான் கழிவறைக்குக்கூடப் போனதில்லை என்று என்னைக் கிண்டல் செய்வார்கள்.

தங்கை வீட்டுக்கு வருகிறேன். மத்தியானம் போனபோது ஜெசிதான் தட்டு வைத்தாள்.

"மாமா, உங்கள எதுக்குக் கூப்ட்டாங்கன்னு எனக்குத் தெரியும். மொதல்ல சாப்டுங்க. வயிறு நெறைஞ்சா பயமுறுத்த தெம்பா இருக்கும்."

எதிரில் அந்தோணி, வெயிலிலும் முழுக்கைச் சட்டையோடு, சோற்றைப் பிசைந்துகொண்டே இருந்தார். வாய்க்குக் கொண்டுபோகவில்லை.

"சொல்லு மச்சான். எதையும் மறைக்காம சொல்லு. இவ படிச்சு முடிச்சி அந்த அணு உலையில போயி நின்னு, நாளைக்கு ஒண்ணுகெடக்க ஒண்ணு ஆயிட்டா? கல்யாணம்னு ஒருத்தன் வருவானா?"

நான் என் சரக்கில் இருந்ததிலேயே பயங்கரமானதை எடுத்துவிட்டேன்.

நாங்கள் ஆறு பேர் கேமரா வேலை பார்த்தோம். ஆளுக்கொரு சின்ன பேட்ஜ். நெஞ்சில் குத்திக்கொள்ள வேண்டும். உடம்பில் எவ்வளவு கதிர்வீச்சு பட்டது என்பதை உள்ளே இருக்கும் அட்டை வாங்கி வைத்துக்கொள்ளும். மூன்று மாதத்துக்கு ஒரு முறை அட்டைகள் பரிசோதனைக்கூடத்துக்குப் போய்ப் படிக்கப்படும். வழக்கமாக ஒன்றும் இருக்காது. ஒரு நாள் சுப்பாராவ் சார் எங்களைக் கூப்பிட்டார்.

"உக்காருங்க நைனா" என்றார்.

வருஷம் முழுக்க ஒரு ஆள் வாங்கலாம் என்று வைத்திருக்கும் அளவைத் தாண்டி, ஒரே மூன்று மாதத்தில் ஏறியிருக்கிறது. ஒருத்தருக்கு இல்லை, எல்லோருக்கும். அன்றோடு கேமரா பக்கம் யாரும் போகக் கூடாது. ரத்தம் எடுத்துப் பரிசோதனைக்கு அனுப்பினார்கள். முடிவு வரும் வரை எங்களை ஸ்டோரில் உட்கார்த்தி நட்டு போல்ட்டு பிரிக்கவிட்டார்கள். ஒருத்தருக்குப் பல் ஆடுவதுபோல் இருந்தது. ஒருத்தருக்கு நாக்கில் ருசி போய்விட்டது. நான் தினமும் காலையில் சீப்பில் வரும் முடியை எண்ணினேன். அப்போது எனக்கு எண்ணுவதற்கு முடி இருந்தது.

ஸ்டெல்லா முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டாள். அந்தோணி மகளைப் பார்த்தார், கேட்டுக்கோ என்பதுபோல. அந்த இடத்தில் நிறுத்தியிருந்தால் இறால் வந்திருக்கும். எனக்கு வாய் சும்மா இருக்காது. ஒரு சிரிப்பு வருமென்றால் என் சாவைக்கூட விற்றுவிடுவேன்.

"அதுலயும் எங்க ஆறு பேர்ல ஒருத்தன், கோதண்டம், அவன் கதைதான் பெருசு" என்றேன். "கால் ஒடிஞ்சு ஆரணியில அவுங்க ஊட்ல கட்டில்ல படுத்துக்கினு கீறான். அவனுக்கும் ஏறிப்போச்சுன்னு ஆள் போயி சொன்னா, 'யோவ், நா கட்டில வுட்டு எறங்கவேயில்லியே, கட்டில்ல இன்னாய்யா ரேடியேசன்?'ன்றான். அவங்கம்மா அவனத் தூக்கி தரையில போட்டுட்டு கட்டில கொண்டுபோயி தெருவுல எறிஞ்சிட்டாங்க!"

நான் மட்டும் சிரித்தேன். ஜெசி சிரிக்கவில்லை.

"மாமா, கோதண்டம் மாமா அந்த மூணு மாசமும் வேலைக்கே வரலையா?"

"கால் ஒடிஞ்சவன் எப்டிம்மா வருவான்?"

"அப்ப அவர் பேட்ஜ் எங்க இருந்துச்சு?"

வஞ்சிரத் துண்டு என் கையில் அப்படியே நின்றது. சுப்பாராவ் சார் கேட்டதும் இதையேதான். எங்கள் ஆறு பேருக்கும் அந்தக் கேள்வி தோன்றவில்லை, நாங்கள் முடி எண்ணுவதில் மும்முரமாக இருந்தோம்.

"ஸ்டெல்லா, கொஞ்சம் கொழம்பு ஊத்து" என்று பேச்சை மாற்றப் பார்த்தேன். நடக்கவில்லை.

"மீதிய சொல்லுங்க மாமா."

மீதியையும் சொல்ல வேண்டியதாகிவிட்டது.

சார் எங்கள் பேட்ஜ் உறைகளை எல்லாம் வாங்கி மேஜைமேல் வரிசையாக வைத்து, டியூப்லைட் வெளிச்சத்தில் ஒவ்வொன்றாகத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். ஓர் உறையின் ஓரத்தில் நகத்தால் சுரண்டி முகர்ந்தார்.

"சந்தனம்" என்றார். அடுத்ததைச் சுரண்டினார். "குங்குமம். பேட்ஜுக்கு யாரு நைனா பொட்டு வெச்சது?"

ஸ்டோர் கீப்பர் பலராமன் பெருமையாக முன்னால் வந்தார். "நாந்தான் சார். ஆயுத பூஜைக்கு லேத்துக்கு வெக்கறோம், கிரேனுக்கு வெக்கறோம், சைக்கிளுக்குக்கூட வெக்கறோம். இதுங்க மட்டும் இன்னா பாவம் பண்ணுச்சு?"

பூஜையை எங்கே வைத்தார் என்று சார் கேட்டார். கேமரா அறையில். கேமராவை ஒரு ஸ்டூலில் ஏற்றி, சாமந்தி மாலை போட்டு, அதன் தலைமேல் தாம்பாளத்தை வைத்து, தாம்பாளத்தில் எங்கள் ஆறு பேர் பேட்ஜையும் பூ மாதிரி வட்டமாக அடுக்கியிருக்கிறார். கோதண்டம் ஊரில் இருந்தாலும் அவனுக்கும் சேர்த்து. கேமராவின் கவசத்தைத் தாண்டிக் கொஞ்சம் கதிர்வீச்சு வெளியே கசியத்தான் செய்யும். தூக்கிக்கொண்டு போகிறவனுக்கு அது பெரிய விஷயமில்லை. அதன்மேலேயே படுத்துக் கிடந்தால் வேறு. பூஜையில் வைத்த ஆயுதத்தை மறுபடி வேலை தொடங்கும் வரைக்கும் தொடக் கூடாது இல்லையா? தொடர்ந்து விடுமுறை வேறு. அறையைப் பூட்டிவிட்டுப் போய்விட்டோம். சார் தசராவுக்கு ஊருக்குப் போயிருந்தார். பேட்ஜுகள் மாலையும் பொட்டுமாகக் கேமராமேல் கொலுவிருந்தன.

பூஜையின்போது கோதண்டத்தைத் தவிர நாங்கள் எல்லோரும் அங்கேதான் நின்றோம். ஒருத்தருக்கும் உறைக்கவில்லை. நான் கத்தோலிக்கன், பொரி கடலைக்கு முதல் ஆளாகக் கை நீட்டினேன்.

ஆளில்லாத பேட்ஜ் ஒன்று எப்போதும் தனியாகத் தாங்கியில் தொங்கும், மற்றதோடு ஒப்பிட்டுப் பார்க்க. அதில் ஒன்றும் ஏறவில்லை. "அத ஏன் வெக்கல?" என்று சார் கேட்டதற்கு, "அது யாருதும் இல்லியே சார், அதுக்கு எதுக்கு ஆசீர்வாதம்?" என்றார் பலராமன்.

நாங்கள் குதித்தோம். பிழைத்தோம், கேமராவைக் கொடுங்கள் என்றோம். சார் கொடுக்கவில்லை.

"இது நம்ம நெனப்பு நைனா. நெனப்ப எப்டி நம்பறது?"

புது அட்டைகளை வரவழைத்தார். பலராமனை அழைத்து, அன்றைக்குச் செய்த பூஜையை அப்படியே மறுபடி செய்யச் சொன்னார். அதே ஸ்டூல், அதே தாம்பாளம், அதே வட்டம், அதே அளவு நேரம். பொரி கடலை இல்லாமல் பூஜை செய்ய மாட்டேன் என்று பலராமன் சண்டித்தனம் பண்ண, சார் தன் கையிலிருந்து காசு கொடுத்து வாங்கி வரச் சொன்னார். விசாரிக்க வடக்கேயிருந்து வந்திருந்த பெரிய அதிகாரி, ஷூவைக் கழற்றிவிட்டு வாசலில் நின்று மீட்டரும் கையுமாகப் பார்த்தார். கடைசியில் அவருக்கும் நெற்றியில் பொட்டு வைத்துவிட்டார்கள். அட்டைகள் போய்ப் படிக்கப்பட்டன. கிட்டத்தட்டப் பழைய அளவே வந்தது. எங்கள் ரத்தமும் சுத்தம் என்று வந்தது. அதற்குப் பிறகுதான் கேமராவைத் தொட விட்டார். கேமரா அறைக் கதவில் "பேட்ஜுக்குப் பூஜை கிடையாது" என்று பெயின்டில் எழுதி வைத்தோம்.

ஜெசி வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தாள். ஸ்டெல்லா என்னைப் பார்த்த பார்வையில் இறால் சமையலறைக்குள்ளேயே நின்றுவிட்டது. அந்தோணி மட்டும் சோற்றையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"அப்ப ஆபத்து இல்லன்றியா மச்சான்?"

"இருக்கு மாப்ளே. அந்தக் குளிகைய கையில எடுத்தா கை போயிடும். பொய் சொல்லக் கூடாது, இருக்குது."

"அந்த ஆபீசரு எதுக்கு அவ்ளோ தூரத்துலேர்ந்து வந்தாரு? உங்க யாருக்கும் ஒண்ணும் ஆவலியே?"

"எண்ணு ஏறிச்சில்ல. ஏறினா வருவாங்க."

"பொய்யா ஏறினாலுமா?"

"பொய்யின்னு தெரியற வரைக்கும் நெசந்தானே மாப்ளே."

அவர் வலது புறங்கையால் இடது சட்டைக் கையை மெதுவாக மேலே தள்ளினார். மணிக்கட்டுக்கு மேலிருந்து முழங்கை வரைக்கும் தோல் சுருங்கி, வெளுத்து, கயிறு பதிந்ததுபோல் ஒரு தடம்.

"இது கம்பி. நெருப்பா காஞ்சு உருளையில வரும்போது தடம் மாறி எகிறிச்சு. அடுத்த நாளே சிப்டுக்கு வரச் சொன்னாங்க, போனேன். உலைகிட்ட எத்தினி வருசமா நிக்கறேன்? எனக்கு எவ்ளோ சூடு பட்டுச்சுன்னு ஒருத்தன் ஒரு எண்ணு எழுதலியே மச்சான்."

"பைக் சைலன்சர் சுட்டுச்சுன்னு சொன்னியேப்பா?" என்றாள் ஜெசி.

"சும்மா சொன்னேன்."

அந்தோணி சட்டைக் கையை இறக்கிவிட்டு எழுந்து, கை கழுவி, செருப்பை மாட்டிக்கொண்டு வெளியே போய்விட்டார். ஜெசியைப் போக வேண்டாம் என்றும் சொல்லவில்லை, போ என்றும் சொல்லவில்லை.

"உன்னப் போயி கூப்ட்டேன் பாரு" என்றாள் ஸ்டெல்லா. "பயமுறுத்த வந்த மூஞ்சியப் பாரு. அவள சிரிக்க வெச்சிட்டு, அவர அழ வெச்சிட்டு, தட்டு வழிச்சு நக்கிக்கினு கீற."

"எறா?"

"எந்திரி நீ."

வீட்டுக்கும் போக மனசில்லாமல் வாசலில் நாற்காலியைப் போட்டு உட்கார்ந்திருந்தேன். உள்ளே ஜெசி துணிகளை அடுக்குவதும், நிறுத்துவதும், மறுபடி அடுக்குவதும் கேட்டது. பொழுது சாயும்போது அந்தோணி வந்தார். என்னைத் தாண்டி உள்ளே போய்க் காகிதத்தில் சுற்றிய ஒன்றை மகளின் பெட்டிமேல் போட்டார். சலங் என்று சத்தம். இரும்புச் சங்கிலியும் பூட்டும்.

"சென்னையில மாறி ஏர்ற ராத்திரி ரயில்ல பெட்டிய சீட்டுக்கடியில கட்டிக்கோ" என்றார். "சாவிய பையில வெக்காத, கழுத்துல போட்டுக்கோ."

ஸ்டெல்லா அவர் முகத்தைப் பார்த்துவிட்டு அடுப்படிக்குப் போனாள். இறால் வறுபடும் வாசனை வந்தது. ஜெசிக்காகத்தான். எனக்கும் நாலைந்து விழுந்தது.

மறுநாள் காலை ஆரம்பாக்கம் ஸ்டேஷன். ஷிப்டுக்குப் போகிறவர்கள் டிபன் பாக்ஸோடு பிளாட்பாரம் முழுக்க நின்றார்கள். பொன்னேரியில் ஜெசியின் தோழி ஏறிக்கொள்வாள், இருவரும் சென்னை போய் வேறு வண்டி பிடிப்பார்கள். பெட்டியை ஏற்றிவிட்டு அந்தோணி ஜன்னல் கம்பியைப் பிடித்துக்கொண்டு நின்றார்.

"நல்லா படிச்சிட்டு வந்து எங்களுக்கும் அந்த மாதிரி ஒண்ணு கண்டுபுடி ஜெசி. சூட்டுக்கு."

"அது ஏற்கெனவே இருக்குப்பா" என்றாள் அவள். "உலைகிட்ட வெச்சா, எவ்ளோ சூடு, எவ்ளோ நேரம் நிக்கலாம், எப்ப வெளிய வரணும், எல்லாம் காட்டும். உங்க மில்லுல வாங்கி வெக்கல, அவ்ளோதான்."

வண்டி நகர்ந்தது. அந்தோணி கையைத் தூக்கினார், ஆட்ட மறந்துவிட்டார். கடைசிப் பெட்டி இன்னும் பிளாட்பாரத்தைத் தாண்டவில்லை.

"மச்சான், அதும் பேரு இன்னான்னு கேக்காம வுட்டுட்டனே!"

"இன்டர்வியூ முடிஞ்சு வந்து சொல்லுவா மாப்ளே."

"எனக்கு இன்னிக்கு மத்தியான சிப்டு இருக்குது" என்று போனை எடுத்தார். "ஜெசி, நாந்தான். அதும் பேரு இன்னா? சத்தத்துல கேக்கல. மெதுவா, ஒவ்வொரு எழுத்தா சொல்லு. போர்மேன்கிட்ட தப்பில்லாம கேக்கணும்."

நான் டீக்கடைக்குப் போய் ஒரு பேனா வாங்கி வந்தேன். காகிதம் கிடைக்கவில்லை. அந்தோணி போனைத் தோளில் இடுக்கிக்கொண்டு, அத்தனை பேர் பார்க்க இடது சட்டைக் கையை முழங்கை வரைக்கும் மடித்து, மணிக்கட்டிலிருந்து எழுத ஆரம்பித்தார்.